பன்னிரண்டாவது படி

ஜூலை 6, ஞாயிறு

காதலை எப்படி எழுத வேண்டும் என்று இன்றைக்கு எனக்கு ஒரு பெண் பாடம் எடுத்தாள். முப்பது வருஷமாக மிருதுளா என்ற பெயரில் மாத நாவல் எழுதுகிறவள் நான். எண்பது நாவலைத் தாண்டிவிட்டது. பஸ் ஸ்டாண்டு கடைகளில் வாழைத்தாருக்குப் பக்கத்தில் கிளிப் மாட்டித் தொங்கினவள். பவானியில் சாந்தாமணியை எங்கள் தெருவுக்கு மட்டும்தான் தெரியும். மிருதுளாவை ஓசூரிலிருந்து நாகர்கோவில் வரை தெரியும். எனக்குப் போய்ப் பாடம்.

எடுத்தவள் ரெபேக்கா. பதிப்பகத்தார் புத்தகம் போடுவதை நிறுத்திவிட்டு எல்லாவற்றையும் செல்போன் செயலிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அதற்கு இவள்தான் எடிட்டர். என் மகள் வயது இருக்கும். "மேம், இனிமே கதை எழுதறதுக்கு முன்னாடி பன்னிரண்டு படி போட்டுக் குடுத்துடணும். நாயகன் பயணம்னு பேரு," என்றாள். ஒருத்தன் தன் பாட்டுக்கு ஊரில் இருப்பானாம். ஒரு அழைப்பு வருமாம். மாட்டேன் என்பானாம். ஒரு பெரியவர் வந்து தேற்றுவாராம். வாசலில் ஒரு காவலாளி மறிப்பானாம், அவனை மீறி வாசலைத் தாண்டிப் போவானாம். வழியில் நண்பன், பகைவன், கடைசியில் ஒரு குகை, அதற்குள் செத்துப் பிழைப்பானாம். பரிசை எடுத்துக்கொண்டு, பன்னிரண்டாவது படியில் ஊருக்கு அமுதம் கொண்டுவந்து சேர்ப்பானாம்.

"என்ற கதைல யாரும் குகைக்கெல்லாம் போகமாட்டாங்க கண்ணு. மிஞ்சிப்போனா கொடைக்கானல் போவாங்க," என்றேன்.

சிரித்தாள். "உங்க பழைய கதைங்களையே இதுல வெச்சுப் பாருங்க மேம், பொருந்தும்." ஆவணி பிறப்பதற்குள் முதல் பத்து அத்தியாயம் வேண்டுமாம். படிகளை ஒரு தாளில் எழுதி பிரிட்ஜில் ஒட்டியிருக்கிறேன். என் வீட்டுக்காரர் அதை மளிகைச் சீட்டு என்று நினைத்து மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். பிடுங்கி மறுபடி ஒட்டினேன்.

ஜூலை 8, செவ்வாய்

மகள் வர்ஷினி வந்திருக்கிறாள். கல்யாணமான பின் அவளுக்கு இது முதல் ஆடி. முறைப்படி நாங்கள் தட்டோடு கோயமுத்தூர் போய்ச் சம்பந்தி வீட்டில் சொல்லி அழைத்து வர வேண்டும். ஆடி முழுக்கப் பெண் இங்கே இருப்பாள், ஆவணி பிறந்ததும் மாப்பிள்ளை வந்து கூட்டிப்போவார். ஆனால் ஆடி பிறக்கவே இன்னும் நாள் இருக்கிறது. அதற்குள் அவளே பஸ் ஏறி வந்துவிட்டாள். கையில் ஒரு துணிப்பை. காலில் வீட்டுக்குள் போடும் ரப்பர் செருப்பு.

"மாப்ள கொண்டாந்து விடலையா கண்ணு?"

"அவருக்கு வேலைம்மா."

செல்போனும் இல்லை, கெட்டுப்போய்விட்டதாம். எதிர்வீட்டு ராஜாமணி கோலம் போடுகிற சாக்கில் எட்டிப் பார்த்தாள். "ஆடிக்குக் கூட்டியாந்துட்டமுங்க," என்றேன். அதில் பொய் ஒன்றும் இல்லை, கொஞ்சம் முன்கூட்டிச் சொன்னேன், அவ்வளவுதான். பெண் சாப்பிட்டுவிட்டுப் பொழுது சாயும் வரை தூங்கினாள். பஸ்ஸில் வந்த அலுப்பு.

ஜூலை 11, வெள்ளி

அந்தப் பெண் சொன்ன மாதிரி என் பழைய கதைகளை ஒவ்வொன்றாகப் படியில் ஏற்றிப் பார்த்தேன். வேடிக்கைதான், பொருந்துகிறது. அழைப்பு என்றால் பெண் பார்க்க வருவது. மறுப்பு என்றால் "நான் மேல படிக்கணும்" என்று நாயகி அழுவது. பெரியவர் வேலையைத் தாய்மாமன் பார்த்துக்கொள்கிறார். வாசல் தாண்டுவதற்கு நெல் நிறைந்த படியும் வலது காலும் இருக்கவே இருக்கின்றன.

என் கதைகளில் அதிகம் விற்றது, நாயகன் தினமும் சாயங்காலம் நாயகியின் ஆபீஸ் வாசலில் வந்து நிற்பானே, அந்தக் கதை. அவள் யாரோடு பேசுகிறாள், எத்தனை மணிக்கு இறங்குகிறாள் என்று பார்த்துக்கொண்டே நிற்பான். எத்தனை வாசகிகள் எழுதினார்கள், இப்படி ஒருவன் எனக்குக் கிடைக்கமாட்டானா என்று. என் மகளுக்குக் கிடைத்தான். நிச்சயம் ஆன மறுவாரத்திலிருந்து தருண் மாப்பிள்ளை அவள் ஆபீஸ் வாசலில்தான் நிற்பார். கல்யாணத்துக்கு அப்புறம், "உன்னைய ராணியாட்ட வெச்சுக்கறேன், வேல எதுக்கு" என்று நிறுத்திவிட்டார். கேட்டபோது எனக்குப் பெருமையாக இருந்தது.

வர்ஷினி பிரிட்ஜில் இருந்த தாளைப் படித்தாள். வந்ததிலிருந்து இன்றைக்குத்தான் அவள் முகத்தில் ஒரு சிரிப்பு.

"இதுல ஆரும்மா நாயகன்? அவனா, அவளா?"

"அவன்தான். அவளும்தான். ரெண்டு பேரும்."

"ரெண்டு பேரும் எங்கிருந்து கெளம்பறாங்க? அவன் அவன் ஊட்லயேதான இருக்கறான்?"

அடுப்பில் பால் பொங்கியது, போய்விட்டேன்.

ஜூலை 13, ஞாயிறு

எழுதவில்லை. வர்ஷினி எந்தக் கதவையும் சாத்த விடுவதில்லை. காற்று வரட்டும் என்கிறாள். குளியலறைக்குக்கூடத் தாழ் போடாமல், வாசலில் என்னை உட்காரவைத்துவிட்டுத்தான் போகிறாள்.

ஜூலை 17, வியாழன். ஆடி 1

தேங்காய் சுட்டோம். காவேரிக் கரைக்காரர்களுக்கு ஆடி பிறந்தால் இதுதான் நோம்பி. தேங்காயின் கண்ணைத் துளைத்து, பொட்டுக்கடலை, எள், நாட்டுச்சர்க்கரை எல்லாம் அடைத்து, குச்சியில் குத்தி வாசலில் தீ மூட்டிச் சுட வேண்டும். ஓடு வெடிக்கிற வரைக்கும் வர்ஷினி தீக்குப் பக்கத்திலேயே நின்றாள். அவள் அப்பா, "போதுஞ்சாமி, மூஞ்சி வெந்துரும்" என்று இழுத்துவிட்டார். பம்பு செட்டு கடைக்காரர். நாள் முழுக்க மோட்டாரோடு பேசுவாரே தவிர மனிதர்களோடு பேசமாட்டார். அவரே இன்றைக்குப் பேசினார்.

மாப்பிள்ளையை விருந்துக்கு அழைக்கப் போன் போட்டேன். லீவு இல்லையாம். என்ன மரியாதை, என்ன பணிவு. "அத்தை, அவ வெளிய எங்கியாச்சும் போறாளாங்க? ஆருகூடவாச்சும் பேசறாளாங்க?" என்றார். பிரிந்த ஏக்கம். "எங்கியும் போறதில்லைங்க மாப்ள," என்றேன். "ஒரு போட்டோ அனுப்புனீங்கன்னா நல்லாருக்குமுங்க. அவகிட்டச் சொல்ல வேண்டாம்," என்றார்.

எனக்கு உடம்பு சிலிர்த்தது. தெரியாமல் அனுப்பச் சொல்கிறாரே, எத்தனை அத்தியாயத்துக்கு ஆகும் இது. தீ வெளிச்சத்தில் அவள் நிற்பதை எடுத்து அனுப்பினேன்.

ஜூலை 22, செவ்வாய்

தினமும் ஒரு படம் அனுப்புகிறேன். இரண்டு பேருக்கும் ஏதோ மனத்தாங்கல் என்பது புரிகிறது. ஊடல் இல்லாத கல்யாணம் எங்கே இருக்கிறது? சேர்த்து வைக்கிற தோழி வேலையை நான் எண்பது கதைகளில் பார்த்திருக்கிறேன். பெற்ற பெண்ணுக்குப் பார்க்கமாட்டேனா?

இன்று ரவிக்கை தைக்கக் கொடுக்கப் போன இடத்தில் எடுத்த படத்துக்கு உடனே பதில் வந்தது. "பக்கத்துல ஆருங்க அது?" டெய்லர். அறுபது வயசு ஆள், காதில் மெஷின். சொன்னேன். "இனிமே லேடீஸ் டெய்லர்கிட்டக் குடுக்கச் சொல்லுங்க" என்று வந்தது. சிரித்துக்கொண்டே ஐந்தாம் அத்தியாயத்தில் அப்படியே போட்டுவிட்டேன். நாயகன் நாயகிக்குத் தெரியாமல் அவள் தோழியிடம் படம் வாங்குகிறான். டெய்லர்மேல் பொறாமைப்படுகிறான். ரொம்ப நாளைக்கப்புறம் எழுத்து தானாக ஓடியது.

ஜூலை 26, சனி

ரெபேக்கா ஐந்து அத்தியாயத்தையும் படித்துவிட்டுக் கூப்பிட்டாள்.

"நல்லா இருக்கு மேம். ஒரே டவுட். அந்த போட்டோ கேக்கறவன் வில்லன்தானே? வாசல் காவலாளின்னு ஒரு ஆள் சொன்னேன்ல, அவளைத் தாண்ட விடாம நிக்கறவன். அதுக்குக் கரெக்டா இருக்கான். படிக்கறப்ப பயமா இருந்துச்சு."

"அவன்தான் ஹீரோ," என்றேன்.

"ஓ," என்றாள்.

இந்தக் காலத்துப் பெண்களுக்கு அன்பு என்றால் என்னவென்றே தெரியவில்லை. கோபத்தில் சாம்பாரில் உப்பை இரண்டு தடவை போட்டுவிட்டேன். என் வீட்டுக்காரர் மோர் ஊற்றிக்கொண்டார். நான் இன்று படம் அனுப்பவில்லை. மாப்பிள்ளையிடமிருந்து பன்னிரண்டு தடவை அழைப்பு வந்தது. நாளைக்கு அனுப்பிவிடலாம்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு. ஆடிப்பெருக்கு

கூடுதுறையில் தண்ணீர் கரை தொட்டு ஓடியது. கன்னிப்பெண், கட்டின பெண் என்று ஊரே படித்துறையில். நானும் பூ, காதோலை கருகமணி எல்லாம் வைத்துக் கும்பிட்டுவிட்டு வர்ஷினிக்குப் புது மஞ்சள் கயிற்றை எடுத்தேன். முதல் பெருக்கு, தாலிக் கயிறு மாற்ற வேண்டும்.

"எனக்கு வேண்டாம்மா."

"இதென்ன கூத்து? நல்ல நாளும் அதுவுமா."

"வேண்டாம்."

ராஜாமணி பார்த்துக்கொண்டே இருந்தாள். சமாளிப்பதற்காக, சளி பிடித்திருக்கிறது, தலைக்குத் தண்ணீர் ஊற்றவில்லை என்று என்னென்னவோ சொன்னேன். மாப்பிள்ளைக்கு ஆற்றோடு ஒரு படம் அனுப்பினேன்.

அவர் ஏற்கெனவே ஈரோட்டில் இருந்திருக்கிறார். நாங்கள் பொங்கலைப் பிரித்துச் சாப்பிடும்போது வெள்ளைச் சட்டையில் படியிறங்கி வந்தார். எனக்கு ஒரு நிமிஷம் நெஞ்சு நிறைந்துவிட்டது. திருவிழாக் கூட்டம், ஆறு, கோபித்துக்கொண்ட மனைவி, தேடி வரும் கணவன். நானே எழுதியிருந்தால்கூட இவ்வளவு பொருத்தமாக அமைந்திருக்காது.

வர்ஷினி எழுந்து அவள் அப்பாவின் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள். இருபத்தாறு வயசுப் பெண், அவர் சட்டையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

மாப்பிள்ளை சிரித்த முகமாக அவளுடைய செல்போனைப் பையிலிருந்து எடுத்து என்னிடம் கொடுத்தார். கெட்டெல்லாம் போகவில்லை, நன்றாக வேலை செய்தது. "ஆடி முடியட்டுமுங்க அத்தை. வந்து கூட்டிக்கறேன்," என்று கும்பிட்டுவிட்டுப் போனார்.

வீட்டுக்கு வந்ததும் வர்ஷினி கேட்டாள், "நாம அங்க இருக்கறது அவருக்கு எப்பிடிம்மா தெரிஞ்சுது?"

சொன்னேன். அன்று தேங்காய் சுட்டதிலிருந்து எல்லாவற்றையும். அவள் கத்தியிருந்தால் தேவலை. "செரி" என்றாள்.

ஆகஸ்ட் 4, திங்கள்

காலையில் பூண்டு உரித்துக்கொண்டிருந்தபோது அவளாகவே பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். என் முகத்தைப் பார்க்காமல், பூண்டைப் பார்த்துச் சொன்னாள்.

"அங்க வேலைக்குப் போறப்ப கிரில்லப் பூட்டிட்டுத்தாம்மா போவாரு. சாவி அவருகிட்ட இருக்கும். போனும் அவருகிட்ட. சாயங்காலம் வந்து தொறப்பாரு."

"எப்பருந்து?"

"தையில இருந்து."

பொங்கலுக்கு இவர்கள் வந்தபோது நான் ராஜாமணியிடம் என்ன சொன்னேன் என்று ஞாபகம் வந்தது. மாப்பிள்ளை இவளை விட்டு ஒரு நிமிஷம் நகரமாட்டேன் என்கிறார் என்று சொன்னேன்.

"எப்படி வந்த சாமி?"

"சிலிண்டர் வந்துச்சு. அன்னிக்கு மட்டும் சாவிய வாட்ச்மேன்கிட்டக் குடுத்துட்டுப் போயிருந்தாரு. காலி சிலிண்டரக் கேஸ் போடற அண்ணன் தூக்கிட்டுப் போனாரு, நானும் அவரு பின்னாடியே எறங்கி வந்துட்டேன்."

"முன்னாடியே சொல்லக்கூடாதா?"

"உன்ற கதைல எல்லாம் அவன் இப்பிடித்தான இருப்பான். தொண்ணூறாம் பக்கத்துல திருந்திருவான். நானும் தொண்ணூறாம் பக்கம் வரும் வரும்னு இருந்தேம்மா."

குத்திக்காட்டிச் சொல்லவில்லை, நிஜமாகவே காத்திருந்திருக்கிறாள். பூண்டுத் தோலை முறத்தில் தள்ளிக்கொண்டே அழுதேன். அவள்தான் என் முதுகைத் தடவிக்கொடுத்தாள்.

ஆகஸ்ட் 7, வியாழன்

பன்னிரண்டு படியையும் மறுபடி வாசித்தேன். நாயகன் வாசலைத் தாண்டிப் போகிறான், கடைசியில் திரும்பி வீட்டுக்கு வருகிறான். வந்தால் ஊர் கொட்டு முழக்கி வரவேற்கிறது. என் எண்பது நாயகிகளும் வாசலைத் தாண்டினார்கள். ஒருத்திகூடத் திரும்பி வந்ததில்லை. நான் அங்கேயே சுபம் போட்டுவிட்டேன். போன ஆண் திரும்பினால் வீரன். போன பெண் திரும்பினால் வாழாவெட்டி.

ரெபேக்காவுக்குப் போன் போட்டு, "கடைசிப் படிய விட்டுட்டு எழுதலாமா கண்ணு? பொம்பளைக்கு அது ஒத்து வராது," என்றேன்.

"அதை விட்டா பயணமே முடியாதே மேம். திரும்பி வர்றது தோத்துப்போறது இல்லை. அதுக்காகத்தான் மத்த பதினொண்ணும்."

புத்தகத்துக்குச் சொல்கிறாள். எளிது.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

சம்பந்தியம்மா போன். "ஆவணி ரெண்டு நல்ல நாளுங்க. நாங்களே வண்டி எடுத்துட்டு வந்து கூட்டிக்கறம்." என் வாயிலிருந்து "செரிங்க" என்று வந்துவிட்டது. முப்பது வருஷ மரியாதை, தானாக வருகிறது.

போனை வைத்த பிறகு பயம் பிடித்துக்கொண்டது. அனுப்பமாட்டேன் என்றால் என்ன ஆகும்? பேச்சு எழும். கோர்ட், கேஸ். கடைக்கு வருகிறவனெல்லாம் என் வீட்டுக்காரரிடம் கேட்பான். மிருதுளா மகளே வாழவில்லை என்று வாசகிகள் சொல்வார்கள். மாப்பிள்ளையை உட்காரவைத்து நான் பேசிப் பார்த்தால் என்ன, ஒரு தடவை அனுப்பிப் பார்த்தால் என்ன என்றெல்லாம் மனசு போகிறது. அடித்ததில்லை, குடித்ததில்லை. இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் அப்படித்தான் போகிறது.

வர்ஷினியிடம் ஆவணி இரண்டு என்று சொன்னேன். சாப்பாட்டைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனாள்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

மதியம் என் வீட்டுக்காரர் சாப்பிட வந்தபோது கேட்டேன். கல்யாணத்துக்குக் கட்டின நகைச்சீட்டு, போட்ட பந்தல், கூப்பிட்ட ஊர், எல்லாம் சொல்லிவிட்டு, "இத்தனைக்கும் அப்பறம் வெறுங்கையோட வந்து நிக்கறாளேங்க, என்னத்தக் கொண்டாந்தா?" என்றேன். எதற்கு அப்படிக் கேட்டேனோ. அமுதம், பரிசு என்று இந்தப் படிகளையே நினைத்துக்கொண்டிருந்ததால் வந்திருக்கும்.

அவர் சோற்றைப் பிசைவதை நிறுத்தினார். "உசுரோட வந்திருக்கறா சாந்தா. வேற என்ன கொண்டாரோணும்?"

அப்புறம் ரசம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டுக் கடைக்குப் போய்விட்டார்.

ஆகஸ்ட் 15, வெள்ளி

ஐந்து அத்தியாயத்தையும் அழித்துவிட்டேன். ரெபேக்கா போனில் புலம்பினாள். ஆவணிக்குள் வராது என்று சொல்லிவிட்டேன்.

ஆகஸ்ட் 18, திங்கள். ஆவணி 2

பத்து மணிக்கு வந்தார்கள். மாப்பிள்ளை, அவர் அம்மா, அப்பா. தட்டில் பூ, பழம், ஒரு பட்டுப்புடவை. என் வீட்டுக்காரர் கடைக்குப் போகாமல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வர்ஷினி உள்ளே இருந்தாள். நேற்று ராத்திரி சாப்பிடும்போது நான் அவளிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன். "நீ எதுவும் பேச வேண்டாம் கண்ணு. நான் பேசிக்கறேன்." அவள் நம்பினாளா என்று தெரியவில்லை. எனக்கே என்மேல் அவ்வளவு நம்பிக்கை இல்லை.

தண்ணீரும் காபியும் கொடுத்தேன். மழை, தண்ணீர் வரத்து எல்லாம் பேசி முடிந்ததும் சம்பந்தியம்மா, "பொண்ணு ரெடிங்களா?" என்றார்.

"அனுப்பறதா இல்லைங்க," என்றேன். "கிரில்லப் பூட்டிட்டுப் போறது எங்களுக்குத் தெரிஞ்சு போச்சுங்க."

சம்பந்தியம்மா மகனைப் பார்த்தார். அந்தம்மாவுக்கும் தெரிந்திருக்கிறது. மாப்பிள்ளை கோபப்படவில்லை. நாற்காலியின் நுனிக்கு வந்து, கண் கலங்கி, மெதுவாகப் பேசினார். "தப்பா நெனைக்காதீங்க அத்தை. அவள ஒரு நிமிசம் பாக்காட்டி எனக்கு உசுரே இல்லைங்க. தொலைஞ்சு போயிருவாளோன்னு பயமுங்க. அந்தப் பயத்துலதான் பூட்டறேன். பாசந்தானுங்க அது."

நல்ல வசனம். எந்த இடத்தில் நிறுத்தினார், எந்த இடத்தில் கண்ணைத் துடைத்தார் என்று எல்லாமே எனக்குத் தெரிந்தது.

"இந்தப் பேச்ச நான் முப்பது வருசமா எழுதிட்டிருக்கறனுங்க மாப்ள," என்றேன். "எழுதறவளுக்குத் தெரியுமுங்க, இது வெறும் எழுத்துன்னு. கேக்கறதுக்கு நல்லாருக்கும். பூட்டுன ஊட்டுக்குள்ள இருந்து பாத்தாத்தான் தெரியும்."

அவர் முகம் மாறியது. அழுகை இருந்த இடத்தில் வேறு என்னவோ வந்தது. வர்ஷினி தினமும் பார்த்த முகம் அதுவாகத்தான் இருக்க வேண்டும். நான் இன்றைக்குத்தான் பார்த்தேன். அவர் எழுந்தார். எங்கள் வீட்டுக்காரரும் எழுந்து உள் கதவுக்கு முன்னால் போய் நின்றுகொண்டார்.

அப்போது வர்ஷினி வெளியே வந்தாள். தலை வாரி, சுடிதார் போட்டு, தோளில் பை. அப்பாவின் கையை லேசாக விலக்கிவிட்டு, கூடத்தின் நடுவே, எல்லோரையும் தாண்டி நடந்தாள். மாப்பிள்ளையைத் தாண்டும்போதும் நிற்கவில்லை. வாசலில் என்னுடைய செருப்பை மாட்டினாள்.

"அம்மா, போயிட்டு வர்றேன்," என்றாள்.

"போயிட்டு வா சாமி."

கேட்டைத் திறந்து தெருவில் இறங்கிப் போய்விட்டாள். சத்தி ரோட்டுப் பக்கம் திரும்புவது வரை தெரிந்தது.

மாப்பிள்ளை என்னைப் பார்த்துத் திரும்பினார். "எங்க போறா?"

"தெரியாதுங்க," என்றேன்.

"தெரியாதுன்னா? எங்கன்னு கேக்காம அனுப்புவீங்களா?"

"கேக்கலைங்க."

காபி ஆறிப்போயிற்று. தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தார்கள். சம்பந்தியப்பா, வக்கீலை வைத்துப் பார்த்துக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டுப் போனார். பார்க்கட்டும். எதிர்வீட்டில் ராஜாமணி நின்றுகொண்டிருந்தாள். "என்னங்க, பொண்ணு அவங்ககூடப் போகலையா?" என்றாள். "இல்லைங்க, எங்க ஊட்லதான் இருப்பா," என்றேன். அதற்குமேல் அவளுக்கும் கேட்கத் தோன்றவில்லை.

வர்ஷினி வர மூன்று மணி ஆகிவிட்டது. அதுவரை நான் பத்துத் தடவை வாசலுக்கு வந்திருப்பேன். போனைக் கையில் எடுத்து எடுத்து வைத்தேன். வந்ததும் எங்கே போனாய், யாரைப் பார்த்தாய் என்று கேட்க நாக்கு நுனி வரைக்கும் வந்தது. கேட்கவில்லை. "பசிக்குது" என்றாள். தோசை ஊற்றினேன். நான்கு சாப்பிட்டாள்.